உடலின்மேல் எழுத்து: பெண் கலைஞர் படைப்புகளில் மொழியின் இடம்

1975 ஆம் ஆண்டை ஐக்கிய நாடுகள் அவை அனைத்துலகப் பெண்கள் ஆண்டாக அறிவித்தது. அவ்வாண்டில், ஒன்றோடொன்று நேரடித் தொடர்பில்லாத நான்கு ஆக்கங்கள் தோன்றின. அமெரிக்க மொழியியலார் இராபின் லேக்காஃப் 'மொழியும் பெண்ணின் இடமும்' என்ற நூலில், பெண்கள் பேசும் ஆங்கிலமும் பெண்களைப் பற்றிப் பேசும் ஆங்கிலமும் அவர்களை எவ்வாறு தாழ்நிலையில் நிறுத்துகின்றன என்று ஆராய்ந்தார். பிரெஞ்சு எழுத்தாளர் எலேன் சிக்ஸூ, 'மெடூசாவின் சிரிப்பு' என்னும் கட்டுரையில், பெண் தன்னை எழுத வேண்டும், தன் உடலின் குரல் கேட்கும்படி எழுத வேண்டும் என்று வாதிட்டார். நியூயார்க் மாநிலத்து ஈஸ்ட் ஹாம்ப்டனில் கரோலி ஷ்னீமன் என்ற ஓவியர், பார்வையாளர் முன்னிலையில் மேசையொன்றின்மீது நின்று, தம் பிறப்புறுப்பினுள்ளிருந்து நீண்ட தாள்சுருளை மெல்ல வெளியே இழுத்து, அதில் எழுதியிருந்ததை உரக்கப் படித்தார். மார்த்தா ரோஸ்லர் என்பவர் ஒரு சமையலறையில் நின்று, ஆங்கில எழுத்து வரிசைப்படி சமையற் கருவிகளின் பெயர்களைச் சொல்லும் ஆறு நிமிட வீடியோப் படத்தை உருவாக்கினார்.

இவற்றுள் முதலிரண்டும் மொழி பற்றியவை, பின்னிரண்டும் உடல் பற்றியவை எனப் பிரித்து நோக்குவதே பெருவழக்கு. ஆயின் ஷ்னீமன் வெளியே எடுத்தது ஒரு பனுவல். திரைப்பட உலகைச் சார்ந்த ஆண் ஒருவர் அவருடைய படங்களை நாட்குறிப்புத்தன்மை மிக்கவை, உணர்ச்சி மிகுந்தவை எனக் குறைகூறி ஒதுக்கும் உரையாடல் அதில் எழுதப்பட்டிருந்தது. அந்நிகழ்வின் நிழற்படத்தை அறிந்தவர் பலர். சுருளின் வாசகத்தைப் படித்தவர் அவருட் சிலரே ஆவர். படம் மட்டும் நிலைத்து வாசகம் மறைந்துபோன இந்நிலை தற்செயலானதன்று. உடலைக் கருவியாகக் கொண்ட பெண் கலைஞர்களின் ஆக்கங்கள் பலவற்றிற்கும் இதுவே நேர்ந்துள்ளது. அவர்களுட் குறிப்பிடத்தக்க சிலர் உடலை மொழிக்கு மாற்றாக நிறுத்தவில்லை. உடலையும் ஒரு குறிப்பிட்ட மொழியையும், அதன் எழுத்தையும், எதிரெதிரே நிறுத்தினர். அவர்தம் பெண்ணிய வாதம் அவ்விரண்டும் உராயும் இடத்தில்தான் பிறக்கிறது. அவ்விடத்தைக் காணாத மொழிபெயர்ப்பும் விளக்கக் குறிப்பும் வாதத்தைக் கைவிட்டு உடலை மட்டுமே பார்வைக்கு வைக்கின்றன; எதனை எதிர்த்து இப்படைப்புகள் எழுந்தனவோ அதனையே செய்துவிடுகின்றன. ஐந்து படைப்புகளைக் கொண்டு இதனை விளக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

'உடல்மொழி' என்னும் தொடர்

இத்தகைய படைப்புகளைத் தமிழில் குறிப்பிடும்போது 'உடல்மொழி' என்ற தொடர் எளிதாக வந்து விழுகிறது. கையசைவு, நிற்கும் பாங்கு, முகக்குறிப்பு ஆகியவற்றைச் சுட்டுவதற்கு ஆங்கிலத்தை ஒட்டி ஆக்கப்பட்ட சொல் அது. 2000க்குப் பின் தமிழ்ப் பெண் கவிஞர்கள் பற்றி எழுந்த விவாதங்களில் அதே சொல், உடலைப் பாடுபொருளாகக் கொண்ட கவிதை மொழியைக் குறிக்கலாயிற்று. மூன்றாவதாக அதனையே காட்சிக்கலைக்கும் ஏற்றும்போது, முன்னைய இரு பொருள்களும் உடன் வந்து சேர்கின்றன. அதனினும் பெரிய இடர் ஒன்றுண்டு. உடலே ஒரு மொழி என்றால் அது எவருக்கும் இயல்பாகப் புரியும், மொழிபெயர்ப்பு வேண்டாதது என்ற எண்ணம் அத்தொடரில் உறைந்துள்ளது. பெண்ணை இயற்கையோடும் ஆணை மொழியோடும் இணைக்கும் பழைய பாகுபாட்டை அத்தொடர் ஓசையின்றி மீட்டுக் கொண்டுவருகிறது.

தமிழிலோ உடல், உடம்பு, மேனி, யாக்கை, மெய் எனப் பல சொற்கள் உள. மேனி என்பது நிறத்தையும் அழகையும் உடன் சுட்டும். எனவே பார்ப்பவரின் கண்ணை ஏற்கெனவே தன்னுள் கொண்ட சொல் அது. யாக்கை கட்டப்பட்டது என்ற பொருளது. நிலையாமை கூறும் இலக்கியத்தால் அதற்கு ஒரு துறவுச் சாயல் ஏறிவிட்டது. மெய் என்பது உடலையும் உண்மையையும் ஒற்றெழுத்தையும் ஒருங்கே குறிக்கும். இவ்வொற்றுமையைப் பற்றிக்கொண்டு, தமிழில் உடலே எழுத்து என முழங்கிவிடுவது எளிது. கருத்தரங்குகளில் அவ்வாறு முழங்குவாரும் உளர். ஆயின் கலைஞர் ஒருவர் எந்த மொழியின் எந்த எழுத்தை எந்த உடலின்மீது வைத்தார் என்ற கேள்விக்கு அம்முழக்கம் விடை தாராது. 'உடல்' என்ற பொதுச்சொல்லே இவ்விடத்துப் போதுமானது.

நெடுங்கணக்கும் கருவிகளும்

ரோஸ்லரின் வீடியோவுக்குச் 'சமையலறையின் குறியியல்' என்று பெயர். கறுப்பு வெள்ளையில் அமைந்த அப்படத்தில் கேமரா அசைவதில்லை. மேசைக்குப் பின்னால் நிற்கும் பெண், தொலைக்காட்சிச் சமையல் நிகழ்ச்சிகளில் வரும் இல்லத்தரசியின் இடத்தில் நிற்கிறாள். ஏ என்ற எழுத்துக்கு மேலங்கியை எடுத்து அணிகிறாள். பி என்றதும் கிண்ணத்தைக் காட்டுகிறாள். இவ்வாறே கொத்துக்கத்தி, முட்டை அடிக்கும் கருவி, முள்கரண்டி, துருவி எனத் தொடர்கிறது. பெயரைச் சொல்லும் குரலில் ஏற்ற இறக்கம் இல்லை. கை மட்டும் வேறொன்று சொல்கிறது. முள்கரண்டி காற்றைக் குத்துகிறது. பனிக்கட்டி உடைக்கும் ஊசி மேசைமீது பாய்கிறது. அகப்பை இல்லாத குழம்பை மொண்டு தோளுக்குப் பின்னால் வீசியெறிகிறது.

ஒரு பொருளைச் சுட்டிக்காட்டிப் பெயர் சொல்வது சொற்பொருள் கற்பித்தலின் மிக எளிய முறை. குழந்தைக்கும் வேற்றுமொழி கற்போருக்கும் அம்முறையே கையாளப்படுகிறது. ரோஸ்லர் அம்முறையின் வடிவத்தை அப்படியே வைத்துக்கொண்டு, சுட்டும் செயலில் மட்டும் சினத்தை ஏற்றுகிறார். பெயர் மாறவில்லை, பொருளும் மாறவில்லை, பயன்பாடு மாறிவிட்டது. மொழியே பேசுபவரைப் பேசுகிறது என்ற கருத்தும், உணவு ஆக்கும் அமைப்பில் பெண்ணும் ஒரு குறியாக மாறிவிடுகிறாள் என்ற எண்ணமும் அப்படத்தை ஆக்கும்போது தம்மை ஈர்த்தன என்று அவரே பின்னர் விளக்கியுள்ளார். அது படத்தின் இறுதிப் பகுதியில் கண்கூடாகிறது. யு முதலாக இசட் ஈறாக உள்ள எழுத்துகளுக்குக் கருவி எதுவும் இல்லை. கத்தியையும் முள்கரண்டியையும் கைகளில் ஏந்தியபடி, அப்பெண் தன் கைகளாலும் உடலாலும் எழுத்துகளின் வடிவத்தைக் காட்டுகிறாள். இசட் என்னும் எழுத்து கத்தியால் காற்றில் கீறப்படுகிறது. பிறகு தோளைக் குலுக்கிக்கொள்கிறாள், படம் முடிந்துவிடுகிறது. அத்தோள்குலுக்கலின் நகைச்சுவையைக் காணாது, இப்படத்தை வெறும் சினத்தின் வெளிப்பாடாக மட்டும் விளக்குவோர் அதன் பாதியையே கண்டவராவர்.

இப்படத்தைத் தமிழாக்க முற்படுவோர்க்கு முதலில் எழுவது எழுத்து வரிசைச் சிக்கல். கருவிப் பெயர்களைத் தமிழில் தந்து ஆங்கில எழுத்துகளை விட்டுவைத்தால் பெயருக்கும் எழுத்துக்கும் உள்ள உறவு அறுபடும். வரிசையையே தமிழ் நெடுங்கணக்காக மாற்றினால் அகப்பை, ஆப்பச்சட்டி, இட்லித்தட்டு, உரல், ஊதுகுழல் என உயிரெழுத்துகள் இடரின்றி நிரம்பும். கத்தி, சல்லடை, தட்டு, பானை, மத்து, வாணலி என வல்லினம் முதலியவற்றிலும் கிட்டும். ஆனால் ட, ண, ர, ல, ழ, ள, ற, ன ஆகிய எட்டும் தமிழ் மரபில் மொழிக்கு முதலாகா. இக்காலச் சமையலறையில் டபராவும் டம்ளரும் புகுந்து டகரத்திற்கு இடம் தந்துவிட்டன. ணகரத்திற்கும் ழகரத்திற்கும் அவ்வாறு எதுவும் வரப்போவதில்லை. மூலத்தில் கருவி கிடைக்காத எழுத்துகள் வரிசையின் கடைசியில் திரண்டு, அங்கே உடல் எழுத்தாகிறது. தமிழில் அவ்வெழுத்துகள் வரிசையின் இடையிலும் ஈற்றிலும் சிதறிக் கிடக்கும். உடல் இடையிடையே குறுக்கிட்டு எழுத்தாக வேண்டியிருக்கும். அது வேறொரு படமாக அமையும், ஒருவேளை நல்ல படமாகவும் அமையலாம். எனினும் மொழிபெயர்ப்பு என்ற பெயர் அதற்குப் பொருந்தாது.

இரண்டாவது சிக்கல் நுண்ணியது. உரலோ அம்மியோ சொல்லாக மட்டும் வருவதில்லை. அதனை இயக்கும் உடலின் நிலையையும் உடன் கொண்டு வரும். அமெரிக்கச் சமையல் மேசையின் முன் நிமிர்ந்து, கேமராவை நேருக்கு நேர் நோக்கி நிற்கும் பெண், அம்மியின் முன் அமர்ந்தோ குனிந்தோ ஆக வேண்டும். ஒரு சொல்லை மாற்றினால் உடலின் உயரம் மாறுகிறது, பார்வையின் திசை மாறுகிறது. எனவே இப்படத்திற்கு அடிவரி எழுதுவோர் ஆங்கில எழுத்தையும் கருவியின் ஆங்கிலப் பெயரையும் தமிழ் வரிவடிவில் தந்து, பொருளைக் கைக்கே விட்டுவிடுவது ஏற்புடையதாகும். கருவி கண்ணெதிரே இருக்கும்போது அதன் தமிழ்ப்பெயர் இல்லாமை ஒரு குறையன்று.

தாயும் மழலையும்

ரோஸ்லர் தம் உடலைத் திரையில் நிறுத்தினார். அதே காலத்தில் இலண்டனில் பணியாற்றிய மேரி கெல்லி, பெண்ணுடலைக் காட்சியிலிருந்து முற்றிலுமாக விலக்கிவைத்தே உடலைப் பற்றிப் பேச முடியும் என்று கருதினார். பெண்ணின் உருவம் எவ்வாறு காட்டப்பட்டாலும் அது நுகர்பொருளாகிவிடும் என்பது அவருடைய நிலைப்பாடு. லாரா மல்வி திரைப்படத்தில் ஆண் பார்வை பற்றி எழுதிய புகழ்பெற்ற கட்டுரையும் 1975இல்தான் வெளிவந்தது என்பது இங்கு நினைவுகூரத் தக்கது.

கெல்லி 1973 முதல் 1979 வரை உருவாக்கிய 'மகப்பேற்றுக்குப் பிந்தைய ஆவணம்' ஓர் அறிமுகமும் ஆறு பகுதிகளும் உடையது. மகன் பிறந்தது முதல் அவன் தன் பெயரை எழுதக் கற்றுக்கொள்வது வரை தாய்க்கும் மகனுக்கும் இடையே நிகழ்ந்தவற்றை அது பதிவு செய்கிறது. 1976இல் இலண்டன் தற்காலக் கலை நிறுவனத்தில் அதன் முற்பகுதிகள் காட்டப்பட்டபோது, செய்தித்தாள்கள் முதற்பகுதியில் இருந்த கறை படிந்த அணையாடைத் துணிகளைப் பற்றியே பேசிக் கொதித்தன. ஷ்னீமனின் சுருளுக்கு நேர்ந்தது இதற்கும் நேர்ந்தது. துணியைக் கண்டவர்கள் துணியோடு இருந்த உணவுப் பட்டியலையும், அடுத்த பகுதியில் இருந்த குழந்தையின் சொற்களையும் காணவில்லை.

இரண்டாம் பகுதிதான் மொழியியலார்க்குப் பெரிதும் உரியது. ஒற்றைச் சொற்களாகப் பேசிய குழந்தை சொற்களை இணைத்துப் பேசத் தொடங்கும் பருவத்து வெளிப்பாடுகள் அதில் ஒவ்வொன்றாகப் பதியப்பட்டுள்ளன. குழந்தை ஒலித்தது எது, அதனைத் தாய் என்னவாகப் புரிந்துகொண்டாள், எந்தச் சூழலில் அது சொல்லப்பட்டது என்ற விவரங்கள் உடன் தரப்படுகின்றன. குழந்தைமொழி ஆய்வாளர் திரட்டும் தரவிற்கும் இதற்கும் வடிவில் வேறுபாடு மிகக் குறைவு. ஆயினும் ஆய்வாளரின் தரவில் தாய் தகவலாளி மட்டுமே. இங்கோ அவளுடைய புரிதலே, அதிலுள்ள ஐயமும் தவறும் உட்பட, ஆய்வுப்பொருளாகிறது. மழலை முழுமையான சொல்லாவது தாய் அதற்குப் பொருள் தருவதனால்தான். அவள் குழந்தையின் முதல் மொழிபெயர்ப்பாளர்.

ஆறாம் பகுதியில் இது வெளிப்படையாகிறது. அது 1799இல் எகிப்தில் கண்டெடுக்கப்பட்ட ரொசெட்டாக் கல்லின் அமைப்பைப் பின்பற்றுகிறது. அக்கல்லில் ஒரே செய்தி பட எழுத்திலும், எகிப்தியரின் வழக்கெழுத்திலும், கிரேக்கத்திலும் மேலிருந்து கீழாக வெட்டப்பட்டிருந்தமையால்தான் பட எழுத்தைப் படிக்க வழி பிறந்தது என்பது அறிந்ததே. கெல்லியின் பலகைகளில் மேலே குழந்தை கிறுக்கிய எழுத்துகள். நடுவில் அவற்றைப் பற்றித் தாய் எழுதிய உரை. கீழே தட்டச்சிட்ட நாட்குறிப்பு. குழந்தையின் கிறுக்கல் கடவுளரின் எழுத்துக்குரிய இடத்தில் வைக்கப்பட்டிருப்பது ஆழ்ந்த குறும்பு. அதனினும் முக்கியமானது, குழந்தை எழுதக் கற்றுக்கொண்டவுடன் நடுவரிக்கு வேலை இல்லாமற் போவது. மகன் தன் பெயரை எழுதுகிறான், ஆவணம் முடிகிறது. தாய்மை என்று போற்றப்படும் உழைப்பின் ஒரு பகுதி மொழிபெயர்ப்பு உழைப்பே என்பதையும், அது வெற்றி பெறும்போது செய்தவரைத் தேவையற்றவராக்கிவிடும் என்பதையும் இதனினும் தெளிவாகக் காட்டிய வேறொரு கலைப்படைப்பைச் சொல்வது அரிது.

கெல்லியின் ஆவணத்தில் ழாக் லக்கானின் உளப்பகுப்பாய்வு வரைபடங்கள் மிகுதி. அவற்றைத் தமிழாக்குவோர் கலைச்சொற்களில் மூழ்கிவிடுவதுண்டு. உண்மையில் அவ்வரைபடங்கள் இன்று ஓரளவு பழுதுபட்டுவிட்டன. உயிரோடிருப்பவை தாயின் குறிப்புகளே. அவற்றின் ஆங்கிலம் எளியது, தயக்கம் மிக்கது. மழலையை மொழிபெயர்க்கும்போது தமிழ்க் குழந்தைகளின் சொற்களைக் கொண்டு நிரப்பிவிடவும் கூடாது. அச்சொற்கள் தமிழ்த் தாய் தன் குழந்தைக்குக் கற்றுத்தரும், மரபில் அமைந்த சொற்கள். கெல்லி பதிந்தவை மரபுக்கு வந்து சேராத ஒலிகள். ஒலியை ஒலிபெயர்த்துவிட்டுத் தாயின் புரிதலை மட்டும் மொழிபெயர்ப்பதே மூலத்தின் நெறியோடு ஒத்துப்போகும்.

கடிதத்தின் திரை

கெல்லியிடம் தாய் மகனை மொழிபெயர்த்தாள். மோனா ஹாட்டூமின் 'தொலைவின் அளவுகள்' என்ற வீடியோவில் மகள் தாயை மொழிபெயர்க்கிறாள். ஹாட்டூம் 1952இல் பெய்ரூட்டில் பாலஸ்தீனக் குடும்பத்தில் பிறந்தவர். 1975இல் அவர் இலண்டனில் இருந்தபோது லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டது. திரும்பிச் செல்ல இயலவில்லை. 1981இல் பெய்ரூட் சென்றபோது, குளித்துக்கொண்டிருந்த தாயை அவருடைய இசைவோடு நிழற்படங்கள் எடுத்தார். அவற்றைக் கொண்டு 1988இல் இப்படத்தை அமைத்தார்.

ஏறத்தாழப் பதினைந்து நிமிட நேரம் ஓடும் அப்படத்தில், தாயின் உடல் மங்கலாகத் தெரிகிறது. அதன் முன்னே, தாய் மகளுக்கு எழுதிய அரபிக் கடிதங்களின் கையெழுத்து வரிகள் திரைபோலப் படர்ந்துள்ளன. பின்னணியில் தாயும் மகளும் அரபியில் பேசிச் சிரிக்கும் ஒலி கேட்கிறது. அதன்மேல், அக்கடிதங்களின் ஆங்கில மொழிபெயர்ப்பை ஹாட்டூம் தாழ்ந்த, சோர்ந்த குரலில் படிக்கிறார். போரைப் பற்றியும், பிரிவைப் பற்றியும், தாயின் பாலுணர்வு பற்றி மகள் கேட்ட கேள்விகளைப் பற்றியும், அந்நிழற்படங்களால் தந்தை கொண்ட மனக்குறையைப் பற்றியும் கடிதங்கள் பேசுகின்றன. தமக்கே உரிய ஒன்றைத் தாய் மகளுக்குக் கொடுத்துவிட்டதாகத் தந்தை கருதினார் என்பது கடிதத்தின் செய்தி. உடல் யாருடையது என்ற பெண்ணியத்தின் அடிப்படைக் கேள்வி, வீட்டுக் கடிதம் ஒன்றின் நடுவே இயல்பாக எழுகிறது.

எழுத்து இங்கு இரு வேலைகளைச் செய்கிறது. படிக்க முடிந்தவர்க்கு அது தாயின் குரல். படிக்க முடியாதவர்க்கு அது தாயின் உடலை மூடும் திரை. அரபி அறிந்தவர்க்கு உரையாடலின் சிரிப்பும் உண்டு. அறியாதவர்க்கு ஆங்கிலத்தின் சோகம் மட்டுமே எட்டும். ஹாட்டூம் அரபிப் பேச்சை மொழிபெயர்க்காமல் விட்டமை கவனக்குறைவன்று. பெருந்துயரில் மட்டுமே அறியப்படும் அரபுப் பெண்ணுக்கு, அறிமுகமற்றவர் செவிக்கு எட்டாத சிரிப்பொன்று உண்டு என்பதை அது உணர்த்துகிறது.

இப்படத்திற்குத் தமிழ் அடிவரி இடுவோர் ஒன்றை நினைவிற் கொள்ள வேண்டும். அடிவரி என்பதும் திரைமீது படரும் எழுத்து. வேறு படங்களில் அது பிம்பத்திற்குப் புறம்பானது; பார்ப்பவர் அதனைக் கண்டும் காணாதவராய்க் கடந்து செல்வர். இங்கோ அது தாயின் உடல்மேல் ஏறும் மற்றுமொரு கையெழுத்தாகிவிடும். மகளின் ஆங்கிலத்திற்கும் தாயின் அரபிக்கும் இடையே மூன்றாமவர் ஒருவரின் வரி நுழையும். மொழிபெயர்ப்பை முன்கூட்டியே அச்சிட்டுப் பார்வையாளர் கையில் தந்துவிடுவது இதற்கு ஒரு வழி. தலைப்பும் எளிதானதன்று. ஆங்கிலத் தலைப்பின் முதற்சொல் அளவையும் குறிக்கும். எடுக்கும் நடவடிக்கையையும் குறிக்கும். 'தொலைவின் அளவுகள்' என்பதில் இரண்டாம் பொருள் இல்லை. அதனை இழக்க வேண்டியதுதான்.

உருவத்தின்மேல் கவிதை

அரபிய வரிவடிவத்தைப் படிக்காமல் பார்ப்பதனால் விளையும் இடர், ஷிரின் நேஷாத்தின் 'அல்லாஹ்வின் பெண்கள்' என்ற நிழற்படத் தொடரில் மிகப் பெரிதாகிறது. ஈரானின் கஸ்வின் நகரில் 1957இல் பிறந்த நேஷாத், 1979 புரட்சிக்கு முன்பே அமெரிக்கா சென்றவர். 1990இல் தாய்நாட்டைக் காணச் சென்றபோது கண்ட மாற்றங்களே 1993 முதல் 1997 வரை அவர் உருவாக்கிய இத்தொடருக்குத் தூண்டுகோலாயின. கறுப்பு முக்காடு, துப்பாக்கி, நேர்நோக்கும் பார்வை, எழுத்து என்னும் நான்கும் திரும்பத் திரும்ப வருகின்றன. முகத்திலும் கையிலும் பாதத்திலும் எழுத்து வரிகள் நிறைந்திருக்கின்றன. அவை தோலின்மீது எழுதப்பட்டவை என்று பலர் எண்ணுகின்றனர். அச்சிட்ட நிழற்படத்தின்மீது மையால் எழுதப்பட்டவை அவை. அதாவது உடலின்மீதன்றி உடலின் பிம்பத்தின்மீது.

அவ்வெழுத்து பாரசீக மொழிக்குரியது. பாரசீகம் அரபிய வரிவடிவத்தைக் கையாளினும் இந்தோ-ஐரோப்பிய மொழியாகும். மேலை நாட்டுப் பார்வையாளர் பலர் அவ்வரிகளைத் திருக்குர்ஆன் வசனங்கள் என்று எடுத்துக்கொண்டனர். மறையின் கட்டளை பெண்ணுடலில் பொறிக்கப்பட்டுள்ளதாகப் பொருள் கொண்டனர். உண்மையில் அவை இக்கால ஈரானியப் பெண் கவிஞர்களின் வரிகள். பெண் எழுதிய சொல், பெண்ணை அடக்கும் சொல்லாகப் படிக்கப்பட்டது. ஒரு வரிவடிவத்தை ஒரு மதத்தோடு முற்றாக ஒன்றாக்கிவிடும் இப்பழக்கம் தமிழ் வாசகர்க்கு வியப்பளிக்க வேண்டும்; தமிழ் முஸ்லிம்கள் அதே வரிவடிவத்தில் தமிழையே எழுதிய அரபுத்தமிழ் மரபு இங்கு நெடுங்காலம் வாழ்ந்தது.

இத்துடன் சிக்கல் முடியவில்லை. நேஷாத் ஒரே கவிஞரை எடுத்தாளவில்லை. 1993இல் அமைந்த ஒரு படத்தில் கண்ணின் வெள்ளைப் பகுதியைச் சுற்றி எழுதப்பட்டிருப்பவை ஃபரூக் ஃபரோக்சாத்தின் கவிதை வரிகள். 1967இல் முப்பத்திரண்டாம் வயதில் சாலை விபத்தில் மறைந்த அவர், பெண்ணின் காதலையும் தனிமையையும் வெளிப்படையாக எழுதியதற்காகத் தூற்றப்பட்டவர். அக்கவிதை, குடும்பத்தார் எவரும் கவலைப்படாமல் வாடிப்போகும் ஒரு தோட்டத்தைப் பற்றியது. 1994இல் அமைந்த வேறொரு படத்தில் இரு பாதங்களின் நடுவே துப்பாக்கிமுனை நீள்கிறது. உள்ளங்கால்களில் எழுதப்பட்டிருப்பவை தாஹிரே சஃப்பார்சாதேயின் வரிகள். அவர் புரட்சியையும் அதன் காவலரையும் போற்றியவர். பின்னாளில் திருக்குர்ஆனை மொழிபெயர்த்தவர். மொழிபெயர்ப்பு நெறிகள் குறித்து நூல் எழுதியவரும்கூட. இரு கவிஞரும் பெண் விடுதலை பற்றிய இருவேறு எண்ணங்களின் இரு முனைகளில் நிற்பவர்கள். பாரசீகம் அறிந்தவர் தொடரைப் பார்க்கையில் இரு பெண்களுக்கிடையே நிகழும் வழக்கொன்றைக் கேட்கிறார். அறியாதவர்க்கு இரண்டும் ஒரே அழகிய பூவேலை.

இதற்கு நேஷாத்தும் ஓரளவு பொறுப்பானவரே. படங்கள் பெரிதும் மேலை நாட்டுக் காட்சிக்கூடங்களுக்காக ஆக்கப்பட்டவை. எழுத்தின் பொருள் தெரியாமையும் அவற்றின் கவர்ச்சியில் ஒரு பங்கு. ஈரானியத் திறனாய்வாளர் சிலர் இதனைக் குறையாகச் சுட்டியுள்ளனர். ஆயினும் கலைஞரின் பொறுப்பு மொழிபெயர்ப்பாளரின் பொறுப்பைக் குறைத்துவிடாது. படத்தின் கீழ் 'பாரசீக எழுத்து' என்று மட்டும் குறிப்பிடுவது, ஒரு கவிதை நூலின் அட்டையில் 'தமிழ் எழுத்து' என்று அச்சிடுவதைப் போன்றது. எவருடைய கவிதை, எப்போது எழுதப்பட்டது, எதைப் பற்றியது என்ற மூன்றும் இரண்டு வரியில் அடங்கிவிடும்.

வினாக்களின் படர்க்கை

இந்தியச் சூழலில் இச்சிக்கல் வேறு உருவம் கொள்கிறது. ரும்மானா ஹுசைன் 1952இல் பெங்களூரில் பிறந்து பம்பாயில் வாழ்ந்த ஓவியர். 1992 டிசம்பரில் பாபர் மசூதி இடிக்கப்பட்டமையும், அதனைத் தொடர்ந்த பம்பாய்க் கலவரங்களும் அவரைத் தூரிகை ஓவியத்திலிருந்து பொருள்களுக்கும் தம் உடலுக்கும் திருப்பின. 1995இல் பம்பாயின் தேசிய நிகழ்த்துகலை மையத்தில் அவர் நிகழ்த்திய 'விளிம்பில் வாழ்தல்' என்ற ஆக்கத்தில், காலிற் சலங்கை கட்டி, இரண்டாகப் பிளந்த பப்பாளிப் பழத்தைக் கையிலேந்தி, வாயை அகலத் திறந்தபடி நடந்தார். வாயிலிருந்து ஒலி எதுவும் வரவில்லை. எந்த மொழியில் கதறுவது என்ற கேள்விக்கு அக்காலத்துப் பம்பாயில் விடை எளிதாக இருந்திருக்காது.

மூன்றாண்டுகளுக்குப் பின், 1998இல், அவ்வாய் பேசியது. மார்பகப் புற்றுநோயால் தாக்குண்டு அறுவைச் சிகிச்சை செய்துகொண்ட ஹுசைன், 'நீங்கள் நினைப்பது இதுதானா?' என்று தமிழாக்கத்தக்க நிகழ்த்துதலில், பார்வையாளர்முன் அமர்ந்து, ஒரு முஸ்லிம் பெண்ணைப் பற்றிய வினாக்களை ஆங்கிலத்தில் அடுக்கிக்கொண்டே சென்றார். அவளுடைய நம்பிக்கை, உடை, திருமணம், பற்று ஆகியன பற்றிப் பிறர் தமக்குள் கேட்டுக்கொள்ளும் கேள்விகள் அவை. விடை தரப்படவில்லை. கேள்வியின் பொருளாகிய பெண்ணே கேட்பவராக அமர்ந்திருந்தமையும், நோயின் தழும்பைத் தாங்கிய உடல் எதிரே இருந்தமையும் அவ்வினாக்களை நிலைகுலையச் செய்தன. அடுத்த ஆண்டு, 1999இல், ஹுசைன் மறைந்தார்.

அவ்வினா வரிசையைத் தமிழாக்குவதில் இரு முடிவுகள் தேவைப்படுகின்றன; இரண்டும் ஆங்கிலத்தில் எடுக்க வேண்டாதவை. ஆங்கிலப் படர்க்கைப் பெண்பால் பெயர், மதிப்பையோ மதிப்பின்மையையோ காட்டாது. தமிழில் 'அவள்' என்றால் கேட்பவர் கிசுகிசுக்கும் அண்டை வீட்டாராகிவிடுவார். 'அவர்' என்றால் நாகரிகமாக ஐயப்படும் அதிகாரியாகிவிடுவார். இரண்டும் வெவ்வேறு பகைமைகள். வரிசை முழுவதும் ஒன்றையே கையாளாமல், வீட்டுக்குள் எட்டிப்பார்க்கும் வினாக்களுக்கு 'அவள்' என்பதையும் பற்றை விசாரிக்கும் வினாக்களுக்கு 'அவர்' என்பதையும் பயன்படுத்தும் மொழிபெயர்ப்பு மூலத்தை மீறியதாகத் தோன்றலாம். ஆனால் நாட்டில் அப்பெண் எதிர்கொள்ளும் குரல்கள் அவ்விரு வகையானவையே.

மற்றொன்று வினா இடைச்சொல்லாகிய ஆகாரம். ஆங்கிலத்தில் ஆம் அல்லது இல்லை என்ற விடை வேண்டும் வினா, சொல்வரிசையால் அமைந்து வாக்கியம் முழுவதையும் தழுவும். தமிழில் ஆகாரம் ஏதேனும் ஒரு சொல்லின் ஈற்றில் வந்து ஒட்ட வேண்டும். வினைமுற்றோடு சேர்ந்தால் நிகழ்வு ஐயத்திற்குரியதாகும். பெயரோடு சேர்ந்தால் அப்பெயருக்குரியவர் ஐயத்திற்குரியவர் ஆவார். 'அவள் தொழுகிறாளா' என்பதும் 'அவளா தொழுகிறாள்' என்பதும் ஒரே ஆங்கில வினாவுக்கு விடையாக எழுதப்படக் கூடியவை. முன்னது செய்தி கேட்பது. பின்னது ஆளையே நம்பாதது. தலைப்பிலும் இதே தேர்வு உண்டு. 'இதுவா நீங்கள் நினைப்பது', 'நீங்கள் நினைப்பதா இது', 'நீங்கள் நினைப்பது இதுதானா' என்ற மூன்றனுள் முதலாவதில் பொருளும், இரண்டாவதில் கேட்போரின் எண்ணமும் ஐயத்திற்கு உள்ளாகின்றன. மூன்றாவதில் உள்ள 'தான்', கேட்போரிடம் ஏற்கெனவே ஒரு தீர்மானம் இருப்பதாக வைத்துக்கொண்டு அதனை வெளியே சொல்லுமாறு அழுத்துகிறது. தழும்போடு எதிரே அமர்ந்திருந்த பெண் கேட்டது இம்மூன்றாவதற்கே நெருக்கமானது எனலாம்.